ஆறு கட்சி இரத்தினசிங்கம்

1977ஆம் ஆண்டு செப்டெம்பரில் இரத்தினசிங்கத்துக்கு ஆறு கால்பந்து அணிகள் இருந்தன. மெல்பேர்ணில் பிறந்து வளர்ந்தவனுக்கே ஒன்றுதான் இருக்கும். அதுவும் தகப்பன் வழியில் வந்து சாகும்வரை கூடவே இருக்கும். பெண்சாதியை மாற்றினவர்கள் அந்த ஊரில் இருந்தார்கள், மதத்தை மாற்றினவர்களும் இருந்தார்கள். அணியை மாற்றினவன் என்று ஒருவனைத் தேடிப் பிடிப்பது கஷ்டம். அப்படிப்பட்ட ஊரில் வந்து இறங்கி மூன்று வருஷத்தில் மனுஷன் ஆறு அணிகளைச் சேர்த்து வைத்திருந்தார். ஆசைப்பட்டுச் செய்ததல்ல. மரியாதை பார்த்ததால் வந்த வினை.

அவர் சாவகச்சேரிப் பக்கத்து ஆள். இலங்கையில் நீர்ப்பாசனத் திணைக்களத்தில் பதினொரு வருஷம் வரைபடம் வரைந்தவர். குளக்கட்டும் மதகும் வாய்க்காலுமாக அவர் வரைந்த தாள்களில் ஒரு கோடு கூடக் கலங்கியிருக்காது, எழுத்து அச்சடித்ததுபோல நிற்கும். 1974 ஓகஸ்டில், நல்ல குளிர் நேரத்தில், மனைவி கமலினியோடு மெல்பேர்ணுக்கு வந்தார். பிரன்ஸ்விக்கில் தண்ணீர்ப் பம்ப் செய்கிற ஒரு கம்பனியின் வரைபட அறையில் வேலை கிடைத்தது. கமலினிக்கு நாலு தெரு தள்ளி ஒரு கம்பளி ஆலையில் பின்னல் இயந்திரத்தில் வேலை. கோபர்க்கில் இரண்டு அறையும் ஒரு குசினியுமாக ஒரு வாடகை வீடு.

வேலை இடத்தில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஒருவரும் அவரை ஏசவில்லை, நிறத்தைச் சொல்லி ஒருவரும் சிரிக்கவில்லை. காலையில் வணக்கம் சொன்னார்கள், மாலையில் போய்வா என்றார்கள், அவ்வளவுதான். பத்து மணிக்குத் தேநீர் அறையில் நீளமான மேசையைச் சுற்றி வாங்குப் பலகைகளில் எல்லோரும் இருந்து கதைப்பார்கள். திங்கட்கிழமைகளில் அந்தக் கதை பொங்கி வழியும். இவர் கோப்பையோடு உள்ளே போனால் கதை நிற்காது. ஆனால் யாரும் கொஞ்சம் தள்ளி, அரங்கி உட்கார்ந்து இடம் விடவும் மாட்டார்கள். இவர் சுவரோரம் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு, தேநீரைத் தூக்கிக்கொண்டு தன் வரைபலகைக்கே திரும்பிவிடுவார். மத்தியானச் சாப்பாடும் அங்கேதான், தனியே.

ஏசினால் திருப்பி ஏசலாம். ஏசாதவர்களை என்ன செய்வது? வீட்டுக்கு வந்து சப்பாத்தைக் கழற்றும்போதே கமலினியிடம் முறைப்பாடு வைப்பார்.

"இண்டைக்கும் ஒருத்தரும் ஒண்டும் கேக்கேல்லை, கமலி."

இப்படி ஒன்றரை வருஷம் போனது. பிறகு 1976 ஏப்ரலில், ஒரு திங்கட்கிழமை, கேட்டார்கள்.

கேட்டவர் கெவின், வரைபட அறையின் தலைவர். ஐம்பது வயது, பெரிய கை, சின்னப் பென்சில். இரத்தினசிங்கம் சுவரோரம் நிற்கிறதைக் கண்டு, ஏதோ அன்றைக்குத்தான் அவரைக் கண்டதுபோல, "ரட்னா, நீ எந்த அணி?" என்று கேட்டார்.

இந்த இடத்தில்தான் நம்முடைய ஆள் பிழை விட்டார். யாழ்ப்பாணத்தில் ஒழுங்கையில் எதிர்ப்படுகிறவர், "சாப்பிட்டாச்சோ?" என்று கேட்பார். அதற்கு ஒரே மறுமொழிதான் உண்டு: ஓம். வயிறு காய்ந்து கிடந்தாலும் ஓம். இல்லை என்று சொன்னால் கேட்டவருக்குத்தான் சங்கடம். கேட்டவரும் பின்னால் வந்து உங்கள் பானையைத் திறந்து பார்க்கப் போவதில்லை. அன்பாகக் கேட்டதற்கு அன்பாகச் சொன்னால் முடிந்தது. கெவின் கேட்டதும் அந்த வகையான கேள்விதான் என்று இரத்தினசிங்கம் எடுத்துக்கொண்டார். கேட்டவருக்குப் பிடித்த மறுமொழியைக் கொடுப்பதுதானே முறை? கெவினின் சட்டைப் பையில் கறுப்பு வெள்ளைக் கோடு போட்ட சின்ன வில்லை ஒன்று குத்தியிருந்தது. அது கொலிங்வுட் அணியின் நிறம் என்பது மட்டும் இவருக்குத் தெரியும். கொலிங்வுட் என்று சொல்லி வைத்தார்.

கெவின் கோப்பையைக் கீழே வைத்துவிட்டார். காரணம் உண்டு. அந்த வருஷம் கொலிங்வுட் வாங்கிக் கட்டிக்கொண்டிருந்தது. சந்தித்தவனெல்லாம் அடித்துவிட்டுப் போனான், செப்டெம்பரில் அணி கடைசி இடத்தில் போய் விழுந்தது. அப்படி ஒரு வருஷத்தில், அங்கே பிறந்தவர்களே வில்லையைக் கழற்றி மேசை லாச்சிக்குள் போடுகிற நேரத்தில், எங்கோ கடல் கடந்து வந்த ஒருத்தன் நான் உங்கள் ஆள் என்கிறான். கெவின் வாங்கில் அரங்கி இருந்து பக்கத்தில் கையால் தட்டினார். இரத்தினசிங்கம் உட்கார்ந்தார்.

அன்றைக்குச் சப்பாத்தைக் கழற்ற முன்னரே, "கமலி, இருக்க இடம் தந்திட்டாங்கள்!" என்றார். கமலினிக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் அவளுக்கும் சந்தோஷம்தான்.

ஒரு பொய் இவ்வளவு நன்மை செய்யும் என்றால் யார்தான் நிறுத்துவார்கள்? அடுத்த மாதம் மேல்மாடிக்கு வரைபடம் கொண்டுபோனபோது தலைமைப் பொறியாளர் நோர்மன் அதே கேள்வியைக் கேட்டார். அவருடைய மேசையில் நீலமும் வெள்ளையுமாக நோர்த் மெல்பேர்ண் அணியின் தேநீர்க் கோப்பை இருந்தது. இவர் நோர்த் மெல்பேர்ண் என்றார். நோர்மன் அன்றுமுதல் பேரைச் சொல்லிக் கூப்பிட்டார். வாசலில் தொலைபேசி எடுக்கிற பெரில் ஹோதோர்ன் அணிக்காரி. அவளிடம் ஹோதோர்ன். இறைச்சிக்கடைக்காரரிடம் ரிச்மண்ட், வீட்டுக்காரியிடம் கார்ல்டன், ரயில் நிலையத்தில் டிக்கெட் சரிபார்க்கிறவரிடம் எசண்டன். எல்லோரும் முகம் மலர்ந்தார்கள். இறைச்சிக்கடைக்காரர் கறி நிறுக்கிறபோது ஒரு துண்டு கூடப் போட்டார்.

ஆனால் சும்மா பெயரைச் சொல்லிவிட்டு இருக்கிற ஆள் இல்லை இவர். எடுத்ததைத் திருத்தமாகச் செய்ய வேண்டும். ஞாயிற்றுக்கிழமைப் பேப்பரை வாங்கி ஆறு ஆட்டத்தையும் வரி வரியாகப் படித்தார். திங்கட்கிழமை காலை ரயிலில் இருந்து, யாரிடம் சந்தோஷமாகப் பேசவேண்டும், யாரிடம் துக்கம் விசாரிக்கவேண்டும் என்று மனதுக்குள் பாடம் பண்ணினார். விளையாட்டும் மெல்ல மெல்லப் பிடித்துப் போனது. முட்டைபோல நீண்ட பந்து, பக்கத்துக்குப் பதினெட்டுப் பேர், நடுக் கம்பங்களுக்கு இடையால் உதைத்தால் ஆறு புள்ளி, குறி தவறிப் பக்கத்தால் போனாலும் ஒரு புள்ளி. தவறவிட்டவனுக்கும் ஒரு புள்ளி கொடுக்கிற விளையாட்டைப் பார்த்து, நல்ல மனம் உள்ளவர்கள்தான் இதைக் கண்டுபிடித்திருக்கவேண்டும் என்று அவருக்குப் பட்டது.

கமலினி ஆலையில் மிச்சப்படுகிற நூலைக் கேட்டு வாங்கி அவருக்கு மப்ளர் பின்னினாள். முதலில் கறுப்பு வெள்ளை. பிறகு நோர்மனுக்குக் காட்டவென்று நீலம் வெள்ளை. கையில் ஊசி ஓடிக்கொண்டிருக்கும்போதே சொன்னாள்.

"இஞ்சருங்கோ, உது ஒருநாளைக்குப் பிடிபடும்."

"என்ன பிடிபடுறது? அவங்கள் அன்பிலை கேக்கிறாங்கள். உண்மை பாக்கவே கேக்கிறாங்கள்?"

"மூண்டாவது மப்ளர் நான் பின்னமாட்டன்."

கெவின் கீழே தேநீர் குடித்தார், நோர்மன் மேலே குடித்தார், பெரில் வாசலில் குடித்தாள். ஒன்றரை வருஷம் இரத்தினசிங்கம் மாடிப்படியில் மப்ளர் மாற்றிப் பிழைத்தார். அந்த ஒன்றரை வருஷமும் சந்தோஷமானதுதான், அதை மறைக்கத் தேவையில்லை. கெவினுக்குப் பக்கத்தில் அவருடைய இடம் நிரந்தரமாகிவிட்டது. கடைசி இடத்தில் கிடந்த கொலிங்வுட் 1977இல் எழும்பத் தொடங்கியது. திங்கட்கிழமை தோறும் இருவரும் ஒரே பேப்பரில் தலையை வைத்து வாசித்தார்கள்.

பிறகு அந்த செப்டெம்பர் வந்தது. இறுதிச் சுற்றுக்குள் நுழைந்த அணிகளில் நாலு இவருடையவை. கொலிங்வுட் நேரே இறுதியாட்டத்துக்குப் போய்விட்டது. எதிரே யார் என்பதை ஹோதோர்னும் நோர்த் மெல்பேர்ணும் மோதித் தீர்க்கவேண்டும். அந்தத் திங்கட்கிழமை கெவின் தேநீர் அறையில் இவருடைய தோளில் கையைப் போட்டார். இறுதியாட்டத்தை இந்த ஊரில் முதன்முறையாக நேரடியாகத் தொலைக்காட்சியில் காட்டப் போகிறார்களாம். வீட்டில் புதிதாகக் கலர் டிவி வாங்கியிருக்கிறாராம். இரத்தினசிங்கமும் மனைவியும் இறுதியாட்டச் சனிக்கிழமை தோர்ன்பரி வீட்டுக்குக் கட்டாயம் வரவேண்டுமாம்.

மூன்று வருஷத்தில் ஒரு வெள்ளைக்காரர் வீட்டுக்குள் இவர்களை அழைத்தது அதுதான் முதல் தடவை. இரத்தினசிங்கத்துக்கு வரைபலகையில் கோடு நேரே விழவில்லை. மத்தியானத்தில் மாடிக்குப் போனபோது நோர்மன் சிரித்துக்கொண்டு இன்னொரு செய்தி சொன்னார். நோர்த் மெல்பேர்ண் இறுதிக்கு வந்தால் தானும் கெவின் வீட்டுக்குத்தான் போகப் போகிறாராம். எதிரிக் கூட்டத்துக்கு நடுவில் தனியாக இருக்கவேண்டி வருமோ என்று யோசித்தாராம். நல்ல வேளை, ரட்னா பக்கத்தில் இருக்கிறான்.

அந்தக் கிழமை முழுவதும் இரத்தினசிங்கம் ஹோதோர்ன் வெல்லவேண்டும் என்று நல்லூர் முருகனுக்கு நேர்ந்தார். முருகனுக்கு அந்த விளையாட்டில் அக்கறை இருக்கவில்லைபோலும். ஹோதோர்ன் மண் கவ்வியது.

செப்டெம்பர் 24, சனிக்கிழமை. கமலினி காலையிலேயே எழும்பி அறுபது மீன் கட்லெட் பொரித்தாள். இரண்டு மப்ளரையும் கட்லெட் டின்னுக்குக் கீழே பைக்குள் வைத்தது இரத்தினசிங்கம். எந்த நேரம் எது தேவைப்படும் என்று சொல்ல முடியாது அல்லவா! ட்ராமில் ஒரு பக்கம் கறுப்பு வெள்ளைக் கூட்டம் பாட, மறுபக்கம் நீலக் கூட்டம் பாட, இவர் வெறுங்கழுத்தோடு நடுவில் தொங்கிக்கொண்டு போனார். பயம் பாதி என்றாலும், ஒரு வீட்டுக்கு அழைக்கப்பட்டுப் போகிறோம் என்ற சந்தோஷப் புளுகம் மற்றப் பாதி.

கெவின் வீட்டு முன்னறையில் டிவிக்கு எதிரே கதிரைகளை இரண்டு பக்கமாகப் பிரித்துப் போட்டிருந்தார்கள். இடது பக்கம் கொலிங்வுட், வலது பக்கம் நோர்த். பத்துப் பன்னிரண்டு பேர், பாதிப் பேர் கம்பனிக்காரர்கள். இடது பக்கத்தில் தன் கதிரைக்குப் பக்கத்துக் கதிரையில் கெவின் ஒரு கறுப்பு வெள்ளைக் கொடியை விரித்து இடம் பிடித்து வைத்திருந்தார். அதைக் காட்டி, "உனக்கு" என்றார்.

வலது பக்கத்திலிருந்து நோர்மன் சத்தம் போட்டுச் சிரித்தார். பிழையான பக்கம், ரட்னா எங்கள் ஆள் என்றார். கெவின் பகிடி என்று நினைத்துத் தானும் சிரித்தார். ஜன்னலோரம் இருந்த பெரிலுக்கு இருவரும் சொன்னது விளங்கவில்லை. அவன் ஹோதோர்ன் அல்லவா, திங்கட்கிழமை தோறும் என்னோடு வெற்றி கொண்டாடுகிறவன் அல்லவா என்று வெள்ளை மனதோடு கேட்டாள். அந்த நேரம் பார்த்து கெவினின் மனைவி ஷெர்லி, கட்லெட் டின்னை எடுக்கவென்று கமலினியின் பைக்குள் கையை விட்டாள். டின்னோடு சேர்ந்து கறுப்பு வெள்ளை மப்ளர் ஒன்றும் நீல வெள்ளை மப்ளர் ஒன்றும் வெளியே வந்து எல்லோருக்கும் முன்னால் தொங்கின.

அறை வெடித்துச் சிரித்தது. நோர்மன் கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தார். கெவின் மட்டும் சிரிக்கவில்லை.

"போன வருஷம் நாங்கள் கடைசியில் கிடந்தோம்," என்றார் கெவின். "அப்போது நீ எங்கள் ஆள் என்று சொன்னாய். நான் அதை என் வீட்டில் வந்து சொன்னேன்."

சாப்பிட்டாச்சோ என்ற கேள்வியை இங்கே எப்படி விளக்குவது? கெவின் குசினிக்குள் போய் ஒரு மரக் கதிரையைத் தூக்கி வந்தார். அதை இடது பக்கமும் வைக்கவில்லை, வலது பக்கமும் வைக்கவில்லை. முன்னறைக்கும் குசினிக்கும் நடுவில், வாசல் நிலைக்கு நேர் கீழே வைத்தார். இரு என்று கையைக் காட்டிவிட்டுப் போய்த் தன் இடத்தில் உட்கார்ந்தார். பிடித்து வைத்த கதிரை வெறுமையாகவே இருந்தது.

வாசலில் உட்கார்ந்த இரத்தினசிங்கத்துக்குக் காதெல்லாம் சுட்டது. திரும்பவும் சுவரோரம்தான்! இனித் திங்கட்கிழமை வாங்கில் யார் அரங்குவான்? ஒன்றரை வருஷமாகக் கட்டினது ஒரு கட்லெட் டின்னோடு போய்விட்டது.

ஆட்டம் தொடங்கியது. கறுப்பு வெள்ளை அணிக்குக் கலர் டிவி வாங்கி என்ன பிரயோசனம் என்று நோர்மன் நக்கல் அடித்தார். ஆனால் நேரம் போகப் போக அவருடைய வாய் அடங்கியது. கொலிங்வுட் வெளுத்து வாங்கியது. நாலில் மூன்று பங்கு ஆட்டம் முடிந்தபோது இருபத்தேழு புள்ளி முன்னுக்கு நின்றது. இடது பக்கம் துள்ளியது. இரத்தினசிங்கம் எழுந்து குசினிக்குள் போய்க் கமலினியிடம் மெதுவாகக் கதைத்தார்.

"கமலி, சொல்லிப்போட்டு வெளிக்கிடுவமே?"

கமலினி ஷெர்லியோடு தட்டில் கட்லெட் அடுக்கிக்கொண்டிருந்தாள். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"இருங்கோ. முடியுமட்டும் இருங்கோ. இப்ப எழும்பிப் போனியளெண்டா இந்த வாசலுக்குப் பிறகு ஒருநாளும் வரேலாது."

ஒரு தட்டைக் கையில் கொடுத்துத் திருப்பி அனுப்பினாள். அவர் தட்டோடு வந்து மறுபடியும் வாசல் கதிரையில் உட்கார்ந்தார்.

கடைசிப் பங்கில் நோர்த் மெல்பேர்ண் பேய் பிடித்ததுபோல ஆடத் தொடங்கியது. ஒரு கோல். இன்னொன்று. இருபத்தேழு இருபதானது, பத்தானது, ஒன்றுமில்லாமல் போனது. வலது பக்கம் கதிரைகளில் ஏறி நின்றது. நோர்த் முன்னுக்கு வந்துவிட்டது! கெவின் இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டார். அவருடைய கழுத்தின் பின்பக்கம் சிவந்து கிடந்ததை இரத்தினசிங்கம் பார்த்தார். போன வருஷம் முழுக்கத் திங்கட்கிழமைகளில் பக்கத்தில் இருந்து பார்த்த அதே கழுத்துத்தான். அப்போதுதான் தன் விரல்கள் கட்லெட் தட்டின் விளிம்பை இறுக்கிப் பிடித்திருக்கிறதைக் கண்டார். நோர்த் கோல் போடும்போதெல்லாம் பிடி இறுகியது. கொலிங்வுட் பந்தைப் பிடிக்கும்போதெல்லாம் தளர்ந்தது. இது மரியாதைக்கு வருகிற விஷயம் இல்லை.

சில நிமிஷம்தான் மிச்சம். கொலிங்வுட் ஆறு புள்ளி பின்னுக்கு நிற்கிறது. பந்து கோல் பக்கம் உயர வருகிறது, எல்லோரும் மேலே பாய்கிறார்கள், கறுப்பு வெள்ளைச் சட்டை ஒன்று அதைப் பிடித்துவிட்டது. பிடித்தவன் உதைக்க வருகிறான். அறையில் மூச்சுச் சத்தம் இல்லை. அந்த அமைதிக்குள் ஒரு குரல் கூரை அதிரக் கத்தியது.

"விடாதை! விடாதையடா! அடியடா, அடி!"

உதைத்தான். பந்து நடுக் கம்பங்களுக்கு இடையால் நேரே போனது. இரண்டு பக்கமும் எழுபத்தாறு.

கத்தினது தான் என்று இரத்தினசிங்கத்துக்குக் கொஞ்சம் பிந்தித்தான் விளங்கியது. வாசல் கதிரை கவிழ்ந்து கிடந்தது. கட்லெட்டுகள் கம்பளம் முழுக்க உருண்டிருந்தன. தான் இடது பக்கத்தின் நடுவில், கெவினின் தோளை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். எப்போது இந்தப் பக்கம் பாய்ந்தார் என்று அவருக்கே தெரியாது. கையை எடுக்கப் பார்த்தார். சைரன் ஊதியது. ஆட்டம் சமன்.

சிரிக்கிறதா அழுகிறதா என்று ஒரு பக்கத்துக்கும் தெரியவில்லை. அடுத்த சனிக்கிழமை திரும்ப ஆடுவார்கள் என்று டிவியில் சொன்னார்கள். கெவின் திரும்பி, இப்போது கத்தினாயே, என்ன சொன்னாய் என்று கேட்டார்.

"உதை என்று சொன்னேன்," என்றார் இரத்தினசிங்கம்.

"யாருக்கு?"

வலது பக்கத்தில் நோர்மன் நின்றார். வரைபட அறை முழுவதும் அவருடைய சொல்லில்தான் ஓடுகிறது. இரத்தினசிங்கம் அவரைப் பார்த்தார், பிறகு கெவினைப் பார்த்தார்.

"கொலிங்வுட்டுக்கு."

கெவின் தலையை ஆட்டினார். நம்பினாரா இல்லையா என்று சொல்ல முடியாத ஆட்டல். அடுத்த கிழமையும் வா, பார்ப்போம் என்று மட்டும் சொன்னார்.

அந்தக் கிழமை இரத்தினசிங்கம் செய்ததைப்போலக் கஷ்டமான வேலையை அவர் அதற்கு முன் செய்ததில்லை. ஆறு பேரில் ஐந்து பேரிடம் போய், முகத்துக்கு நேரே, நான் உங்கள் ஆள் இல்லை என்று சொல்லவேண்டும். அவர் வளர்ந்த இடத்தில் கடன் கேட்டு வந்தவனுக்குக்கூட நேரே இல்லை என்று சொல்லமாட்டார்கள், நாளைக்கு வா என்பார்கள். வீட்டுக்காரிக்குச் சொன்னார். அவள் கண்ணாடியைத் தூக்கி இவரை ஒருமுறை பார்த்துவிட்டு வாடகைப் புத்தகத்தில் கையெழுத்து வைத்தாள். டிக்கெட்காரர் அப்போதே தெரியும் என்றார். பெரில் சிரித்தாள். இறைச்சிக்கடைக்காரர் மட்டும் எலும்பைக் கொஞ்சம் பலமாகக் கொத்தினார், கூடுதல் துண்டும் அன்றோடு நின்றது. கடைசியாக மாடிக்கு ஏறினார். நோர்மனின் மேசைக்கு முன்னால் பள்ளிக்கூடப் பிள்ளைபோல நேரே நின்று, "ஐயா, சனிக்கிழமை நான் உங்களுக்கு எதிர்" என்றார்.

நோர்மன் பேனாவை மூடி வைத்தார். இந்தக் கட்டடத்தில் தனக்கு எதிர் என்று சொல்ல ஒருவன் மாடி ஏறி வந்தது இதுதான் முதல் தடவை என்றார். பிறகு, தோற்றபின் அழக்கூடாது என்று எச்சரித்து அனுப்பினார்.

அன்று மாலை கமலினி நீல மப்ளரைப் பிரித்து நூலை உருண்டையாகச் சுற்றினாள். ஒரு கிழமைக்கு அவருடைய இடம் வாங்கில் இருந்ததா என்றால், இருந்தது என்றும் சொல்லலாம், இல்லை என்றும் சொல்லலாம். கெவின் அரங்கவும் இல்லை, எழுப்பவும் இல்லை.

ஒக்டோபர் முதலாம் திகதி, மறுபடியும் அதே ட்ராம். இந்தமுறை இரத்தினசிங்கத்தின் கழுத்தில் கறுப்பு வெள்ளை மப்ளர். கறுப்பு வெள்ளைக் கூட்டத்தில் ஒருவன் அதைக் கண்டு முழங்கையால் இடித்து இடம் விட்டான். அவர்களுடைய பாட்டில் பாதிச் சொல்லுத் தெரியாமலே இவரும் சேர்ந்து பாடினார். கமலினி மடியில் கட்லெட் டின்னோடு முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டு சிரித்தாள்.

கெவின் வீட்டு வாசல் நிலையில் கதிரை இல்லை. உள்ளே எட்டிப் பார்த்தார். அந்தக் குசினிக் கதிரை இடது பக்கத்தில், கெவினுக்கு ஒட்டினாற்போல, போடப்பட்டிருந்தது. கொடி கிடையாது, உபசாரம் கிடையாது. கெவின் டிவியிலிருந்து கண்ணை எடுக்காமல் காலால் அதைக் கொஞ்சம் தள்ளி விட்டார். இரத்தினசிங்கம் போய் உட்கார்ந்தார்.

பிறகு நடந்தது ஆட்டமில்லை, அடி. இரத்தினசிங்கம் தொண்டை கட்டுமட்டும் தமிழிலும் ஆங்கிலத்திலும் கத்தினார். நடுவர்களின் தாய் தகப்பனைச் சாவகச்சேரி முறைப்படி விசாரித்தார். பக்கத்தில் இருந்தவர்கள் சொல் விளங்காமலே அதைத் திருப்பிச் சொன்னார்கள். ஒன்றும் பலிக்கவில்லை. நோர்த் மெல்பேர்ண் இருபத்தேழு புள்ளியால் வென்றது. போன சனிக்கிழமை கொலிங்வுட் கையில் இருந்து நழுவவிட்ட அதே இருபத்தேழு.

அவர் பொறுக்கி எடுத்த கட்சி அப்படிப்பட்டது என்பது அன்றைக்கு அவருக்குத் தெரியாது. அதன் பிறகும் 1979, 80, 81 என்று தொடர்ந்து மூன்று வருஷம் இறுதிவரை வந்து வந்து தோற்றது. எண்பதுகள் முழுவதும் அவருடைய செப்டெம்பர் துக்க மாதமாகவே போனது. மனுஷன் மாறவேயில்லை.

வலது பக்கத்தில் ஆரவாரம் அடங்கியதும் நோர்மன் எழுந்தார். வென்றவர் தோற்றவர்களிடம் வந்து ஒவ்வொருவராகக் கை கொடுப்பது அங்கே வழக்கம். யாரும் எழும்பவில்லை, யாரும் நிமிர்ந்து பார்க்கவில்லை. எல்லோரும் கையை மட்டும் நீட்டினார்கள். செத்த வீட்டில் கை கொடுப்பதுபோல, துக்கத்துக்கு உரித்தானவர்களுக்கு மட்டும் கொடுத்துக்கொண்டு வந்தார். கெவினுக்குக் கொடுத்தார். அடுத்தது இரத்தினசிங்கம். நோர்மன் நிற்கவில்லை, சிரிக்கவில்லை, பகிடி விடவில்லை. மற்றவர்களுக்குச் சொன்ன அதே ஒரு சொல்லை அதே குரலில் சொல்லி, அதே இறுக்கத்தில் கையைப் பிடித்து விட்டு, அடுத்தவரிடம் போனார்.

இரத்தினசிங்கத்துக்குக் கண் நிறைந்துவிட்டது. பக்கத்தில் கெவின் அவரைப் பார்க்காமலே ஒரு கட்லெட்டை எடுத்துப் பாதியாகப் பிய்த்து, ஒரு பாதியை அவருடைய கையில் வைத்தார். மற்றப் பாதியைத் தான் தின்றார்.

குசினியிலிருந்து கமலினி எட்டிப் பார்த்தாள்.

"என்னப்பா, அழுறியளே?"

"நாங்கள் தோத்துப் போனம், கமலி," என்றார் இரத்தினசிங்கம்.

கமலினி பக்கத்தில் வந்து அவருடைய மப்ளரைச் சரிசெய்து விட்டாள்.

"ஓம்," என்றாள். "அடுத்த வருஷமும் கட்லெட் பொரிக்கச் சொல்லி ஷெர்லி இப்பவே சொல்லிப்போட்டா."